ஆடாத ஆட்டமும் கொடுத்த பணமும்

கடைத்தெருவில் நாம் விலைகொடுத்து வாங்குவன இருவகைப்படும். அரிசி, பருப்பு, துணி, ஏடு முதலியன கைக்கு வரும் பொருள்கள். அவற்றைத் தொட்டும் நிறுத்தும் பார்த்தபின்னரே பணங்கொடுக்கின்றோம். மற்றொரு வகையோ கைக்கு வாராதது. ரயிலில் ஏறிச்செல்லும் உரிமை, நாடகங் காணும் உரிமை, பந்தாட்டங் காணும் உரிமை ஆகியவை அவ்வகையைச் சார்ந்தன. இவற்றிற்கு முன்னதாகவே பணங்கொடுத்துவிடுகின்றோம். அதற்கு ஈடாக நமக்குக் கிடைப்பது ஒரு துண்டுச்சீட்டு. இக்காலத்தில் அத்துண்டுந்தானுமின்றிக் கைப்பேசித் திரையில் தோன்றும் ஒரு குறி. அச்சீட்டு பொருளன்று, இன்ன நாளில், இன்ன இடத்தில், இன்ன இருக்கையில் உன்னை அமர்த்தி, இன்ன ஆட்டத்தைக் காட்டுவோம் என்னும் வாக்குறுதியின் அடையாளமே அது. அவ்வாக்கு நிறைவேறாதொழியின் பணம் யாருக்கு உரியது? இவ்வினா சிறிதுபோல் தோன்றினும், இதனுள் சட்டமும் உண்டு, அறமும் உண்டு. அவ்விரண்டையும் இயன்றவரை விளக்குதலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இப்பொருளை யான் எடுத்துக்கொண்டமைக்குக் காரணமாயிருந்த நிகழ்ச்சியை முதற்கண் கூறுகின்றேன். அரியலூர்க்கும் பெரம்பலூர்க்கும் இடைப்பட்ட ஒரு சிற்றூர் என் பிறப்பிடம். ஒருபால் சுண்ணாம்புக்கல் வெட்டும் குழிகளும் சிமெண்டு ஆலைகளும். மறுபால் மக்காச்சோளமும் பருத்தியும் சின்ன வெங்காயமும் விளையும் மானாவாரிக் காடுகள். கிரிக்கெட்டு ஆட்டத்தில் எங்கள் பக்கத்து இளைஞர்க்குள்ள வேட்கை எவ்வூரார்க்கும் குறைந்ததன்று. ஆயினும் புகழ்பெற்ற ஆட்டக்காரரை நேரிற் காணவேண்டின் நெடுந்தொலைவு செல்லல்வேண்டும். கார்டு லைன் எனப்படும் இருப்புப்பாதையில் அமைந்தமையால் அரியலூருக்கு ரயில் உண்டு. பெரம்பலூர் நகருக்கோ ரயில் நிலையமே இல்லை. நெடுஞ்சாலைப் பேருந்தே துணை.

சில காலத்திற்குமுன் எம்மூரார் ஐவர், வேற்று மாநிலத்து நகரொன்றில் நடக்கவிருந்த ஓர் ஆட்டத்தைக் காணச் சென்றனர். ஆத்தூர் வழியாகச் சேலத்தை அடைந்து, அங்கிருந்து இரவெல்லாம் பேருந்தில் பயணஞ்செய்து போயினர். ஐவருள் இருவர் விற்பனைத் தளத்தில் தாமே சீட்டு வாங்கியவர். ஏனை மூவரும் சீட்டுத் தீர்ந்துவிட்டதென்று கேட்டு, முகமறியாத ஒருவனிடம் கைப்பேசி வாயிலாகக் கூடுதல் விலை கொடுத்து வாங்கியவர். மாலையில் தொடங்கிய மழை நள்ளிரவுவரை விடவில்லை. ஒரு பந்தும் வீசப்படாமல் ஆட்டங் கைவிடப்பட்டது. சில நாள் கழித்து முன்னைய இருவர்க்கும் பணம் திரும்பிவந்தது. மூவர்க்கும் வரவில்லை. சீட்டை முதலில் வாங்கியவன் கணக்கிற்கே பணம் திரும்புமாதலின், அஃது அவ்வறியாதவன் கணக்கிற் போய்ச் சேர்ந்தது. அவனுடைய கைப்பேசியும் வாய்மூடிற்று.

அம்மூவருள் ஒருவர் என் பெரியப்பா மகன். ஆலையில் மூட்டை ஏற்றுபவர். ஊர் திரும்பியதும் அவர் என்னை நோக்கி, "மழையைக் குறை சொல்லலாமா, தம்பி? அது நம் காட்டுக்கு வேண்டியதாயிற்றே. என் பணம் எங்கே போயிற்று, அதை மட்டும் சொல்" என்றார். தமிழிலக்கியம் பயிலும் எனக்கு அப்போது விடை தெரியவில்லை. அவ்வினாவிற்கு விடை தேடிப் படித்தறிந்தவற்றையே ஈண்டுத் தொகுத்துரைக்கின்றேன்.

ஆட்டம் நடவாமற்போதல் ஒருவகைப்பட்டதன்று. ஒரு பந்தும் வீசப்படாமை, தொடங்கி இடையில் நின்றமை, வேறு நாளுக்கோ வேறிடத்திற்கோ மாற்றப்பட்டமை, ஆட்டம் நடந்தும் சீட்டுடையார் உட்புக முடியாமை, சீட்டுடையார் தம் காரணத்தால் வாராமை என ஐந்தாக அதனைப் பகுத்துக்கொள்ளலாம். இவ்வைந்திற்கும் முறை வெவ்வேறு.

முதலாவது, ஒரு பந்தும் வீசப்படாமை. இதில் ஐயத்திற்கிடமில்லை, வாங்கிய சீட்டிற்கு முழுப்பணமும் திருப்பித்தருதலே வழக்கம். 2025 மே 17-ஆம் நாள் பெங்களூருச் சின்னசாமி அரங்கில் பெங்களூரு, கொல்கத்தா அணிகளின் ஐ.பி.எல். ஆட்டம் மழையால் அடியோடு நின்றது. அப்போது அறிவிக்கப்பட்ட முறையை நோக்குவார்க்கு இத்துறையின் இயல்பு முழுதும் விளங்கும். மின்வழிச் சீட்டு வாங்கினோர்க்கு அவர்கள் பணஞ்செலுத்திய அதே கணக்கிற்குப் பத்து வேலைநாட்களுக்குள் பணம் திரும்பும்; அச்சிட்ட சீட்டுடையோர் அதன் மூலத்தைக் காட்டிப் பெறல்வேண்டும்; இலவசச் சீட்டுடையார்க்கு ஒன்றுமில்லை. இவற்றுள் முதல் விதியே என் தமையனார் பணம் போன வழியைக் காட்டுவது. பணம் சீட்டைப் பின்பற்றிச் செல்வதன்று. செலுத்திய கணக்கைப் பின்பற்றியே செல்வது. இரண்டாம் விதியும் கருதத்தக்கது. மழையில் நனைந்த சீட்டைச் சினத்தாற் கிழித்தெறிபவன் தன் பணத்தையே கிழித்தெறிகின்றான்.

இரண்டாவது, ஆட்டந் தொடங்கி இடையில் நின்றமை. நம் நாட்டுக் கிரிக்கெட்டு அரங்குகளிற் பெரும்பாலும் வழங்கும் விதி, ஒரு பந்து வீசப்பட்டுவிடின் பணம் திரும்பாது என்பதே. 2022 சூன் 19-ஆம் நாள் அதே சின்னசாமி அரங்கில் இந்தியாவும் தென்னாப்பிரிக்காவும் ஆடிய இருபது ஓவர் ஆட்டத்தில் 3.3 ஓவர் மட்டுமே வீசப்பட்டது. அஃதாவது 21 பந்துகள். விதிப்படி எவர்க்கும் ஒரு காசும் திருப்பித்தர வேண்டியதில்லை. ஆயினும் கருநாடக மாநிலக் கிரிக்கெட்டுச் சங்கத்தார் பாதிப்பணத்தைத் திருப்பித்தருவதாக அறிவித்தனர். அவர் செயல் பாராட்டத்தக்கதே. எனினும் அது கடனாகத் தரப்பட்டதன்று, நல்லெண்ணத்தாற் தரப்பட்டது. நல்லெண்ணம் எல்லா ஊரிலும் எல்லா நாளிலும் இருக்குமென்று நம்பி இரவெல்லாம் பேருந்தில் வருதல் இயலாது.

இவ்விதியை ஆராயுங்கால் வியப்பொன்று தோன்றுகின்றது. இருபது ஓவர் ஆட்டத்தில் வெற்றி தோல்வி முடிவு செய்யப்படவேண்டின், இரண்டாவதாக மட்டைபிடிக்கும் அணி ஐந்து ஓவராயினும் ஆடுதற்கு இடமிருத்தல் வேண்டும். அதற்குக் குறைந்தால் ஆட்டமே முடிவற்றதென்று குறிக்கப்படும்; அணிகள் புள்ளியைப் பகிர்ந்துகொள்ளும். எனவே ஆடுவோர்க்கு ஆட்டமென்று கருதப்படாத ஒன்று, காண்போர்க்கு மட்டும் ஆட்டமாகி அவர்தம் பணத்தை விழுங்கிவிடுகின்றது. வெற்றியை வரையறுக்க ஓர் அளவுகோல், பணத்தை மறுக்க வேறோர் அளவுகோல் என்பது நடுவுநிலைமையாகுமா என்பதை அறிஞர் ஆராய்வாராக.

அமெரிக்க நாட்டார் பெரிதும் விரும்பும் பேஸ்பால் ஆட்டத்தோடு ஒப்பிட்டால் இவ்வேறுபாடு இன்னும் தெளிவாகும். அவ்வாட்டம் ஒன்பது இன்னிங்சு கொண்டது. ஐந்து இன்னிங்சு நிறைந்தபின்னரே, சொந்த ஊர் அணி முந்தியிருப்பின் நாலரை இன்னிங்சு கழிந்தபின்னரே, அது முறையான ஆட்டமென எண்ணப்படும். அதற்குமுன் மழை வந்து ஆட்டம் கைவிடப்படின், சீட்டு வேறொரு நாள் ஆட்டத்திற்குச் செல்லும். 19-ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே இவ்வழக்கம் அங்கே ஏற்பட்டுவிட்டது. சீட்டில் கிழித்தெடுக்கத்தக்க ஒரு பகுதியை வைத்து, அதனைப் பார்ப்போன் கையிற் கொடுத்தனர். அதனை ரெயின் செக் என்றனர். நாம் மழைச்சீட்டு எனலாம். விருந்துக்கு அழைத்தவரிடம் இன்று இயலாது, மற்றொரு நாள் வருகின்றேன் என்று நயமாகச் சொல்லுதற்கும் இன்று அச்சொல் ஆங்கிலத்தில் வழங்குகின்றதெனின், அவ்வழக்கம் எத்துணை ஆழமாக வேரூன்றியதென்பது விளங்கும். அங்கே ஆட்டத்தை ஆட்டமாக்கும் அளவும், பார்ப்போன் உரிமையை முடிக்கும் அளவும் ஒன்றே. இங்கிலாந்து நாட்டுக் கிரிக்கெட்டிலும் அன்றைய நாளில் வீசப்பட்ட ஓவர்களின் தொகையை நோக்கி, மிகக் குறைவாயின் முழுப்பணமும், சிறிது மிகின் பாதிப்பணமும் திருப்பும் படிமுறை உண்டு. ஆகவே ஒரு பந்து விதி இயற்கையின் விதியன்று, மனிதர் வகுத்தது, மாற்றத்தக்கது.

மழையாற் குறுகியும் முடிவுபெற்ற ஆட்டமாயின் பார்ப்போன் குறைகூற இடமில்லை. 2017 செப்டம்பர் 17-ஆம் நாள் சென்னைச் சேப்பாக்கத்தில் இந்தியாவும் ஆசுத்திரேலியாவும் ஆடிய ஐம்பது ஓவர் ஆட்டத்தில், மழைக்குப்பின் இரண்டாவது அணிக்கு 21 ஓவரே கிடைத்தது. அப்படியும் ஆட்டம் நடந்தது, இந்தியா வென்றது, கண்டவர் களிப்புடன் மீண்டனர். மழைக்கு அஞ்சாமல் காத்திருந்தமைக்கு அது பரிசென்க.

மூன்றாவது, நாளும் இடமும் மாற்றப்பட்டமை. இங்கே ஒத்திவைத்தல் என்னும் சொல்லை நேயர்கள் கவனித்தல்வேண்டும். கைவிடப்பட்ட ஆட்டத்திற்குப் பணம் திரும்பும். ஒத்திவைக்கப்பட்ட ஆட்டத்திற்கோ சீட்டே தொடர்ந்து செல்லும். 2023 மே 28-ஆம் நாள் அகமதாபாத்தில் சென்னை, குசராத்து அணிகளின் இறுதியாட்டம் மழையால் நின்று, மறுநாளுக்கு ஒதுக்கப்பட்டது. முன்னாள் சீட்டே மறுநாளும் செல்லுமென்று அறிவித்தனர். அன்றிரவு தமிழ்நாட்டிலிருந்தும் பிறவிடங்களிலிருந்தும் சென்றிருந்தார் பலர் அகமதாபாத்து ரயில் நிலையத்திற் படுத்துறங்கிய காட்சியைப் படங்களிற் கண்டோம். மறுநாளும் மழை குறுக்கிட, 30-ஆம் நாள் விடியற்காலத்திற்கு முன்னரே ஆட்டம் முடிந்தது, சென்னை வென்றது. தங்க இயன்றவர்க்கு அது வாழ்நாட் காட்சி. ஆனால் மறுநாள் வேலைக்குத் திரும்பவேண்டியவர்க்கோ சீட்டு செல்லுபடியாகியும் பயனில்லை. சட்டத்தின்முன் இருவர் சீட்டும் ஒன்றே. வாழ்க்கையில் அவை ஒன்றல்ல.

ஒத்திவைத்தல் என்னும் இச்சொல் பெருந்தொகையையும் பிடித்துவைக்க வல்லது. 2020-ஆம் ஆண்டில் கொரோனாத் தொற்றுப் பரவியபோது அமெரிக்கப் பேஸ்பால் பருவம் குறித்த காலத்தில் தொடங்கவில்லை. ஆட்டங்கள் ஒத்திவைக்கப்பட்டனவேயன்றிக் கைவிடப்படவில்லை என்று சொல்லப்பட்டமையால், முதற்கண் மக்கள் பணம் திரும்பவில்லை. சிலர் வழக்கும் தொடுத்தனர். ஏப்பிரல் மாத இறுதியிலேதான், பணத்தைத் திருப்புவதைப்பற்றி ஒவ்வொரு கழகமும் தானே முடிவுசெய்யலாமென்று தலைமை அமைப்பு இசைந்தது. எனவே ஆட்டம் ஒத்திவைக்கப்பட்டதென்று கேட்டவுடன், புதிய நாள் எது, அந்நாளில் வரவியலாதவர்க்குப் பணம் உண்டா என்னும் இரண்டையும் உடனே கேட்டறிதல் அறிவுடைமை.

இடமாற்றத்திற்கு 2018-ஆம் ஆண்டு சான்றாகும். காவிரி நீர்ப் போராட்டத்தின்போது, ஏப்பிரல் 10-ஆம் நாள் சேப்பாக்கத்தில் ஓர் ஆட்டம் நடந்தபின், சென்னை அணியின் எஞ்சிய சொந்தவூர் ஆட்டங்கள் புனே நகருக்கு மாற்றப்பட்டன. அணியினர் தனி ரயிலொன்றை அமர்த்தி ஏறத்தாழ ஆயிரம் பேரை ஏப்பிரல் 19-ஆம் நாள் சென்னையிலிருந்து புனேக்கு அழைத்துச் சென்றனர். பணத்தைத் திருப்புதலினும் பார்ப்போனையே ஆட்டத்திற்குக் கொண்டுசேர்த்தல் சாலச்சிறந்தது. ஆனால் அது பல்லாயிரவருள் ஆயிரவர்க்கே வாய்த்தது.

நான்காவது, நிகழ்ச்சி நடந்தும் சீட்டுடையார் உட்புக முடியாமை. இதில் மழைக்குப் பங்கில்லை; ஏற்பாடு செய்தோர் பொறுப்பே முதன்மை. ஆட்டமல்லாத ஓர் இசைநிகழ்ச்சியை எடுத்துக்காட்டாகக் கூறலாம். 2023 ஆகத்து 12-ஆம் நாள் நடக்கவிருந்து, மழையால் செப்டம்பர் 10-ஆம் நாளுக்கு ஒத்திவைக்கப்பட்ட ஏ. ஆர். ரகுமானின் "மறக்குமா நெஞ்சம்" நிகழ்ச்சியில், கூட்டநெரிசலாற் சீட்டிருந்தும் பலர் உட்புக முடியாமல் திரும்பினர். மறுநாளே ரகுமான், சீட்டின் நகலையும் நேர்ந்த குறையையும் எழுதியனுப்புமாறு கேட்டுக்கொண்டார். இத்தகைய சமயங்களில் சீட்டுப் பணமேயன்றி, அலைச்சலுக்கும் மனவருத்தத்திற்கும் ஈடுகேட்கவும் சட்டத்தில் இடமுண்டு. மழைக்கு ஈடில்லை, பிழைக்கு ஈடுண்டு. இவ்வேறுபாட்டை மறவாதிருத்தல் நலம்.

ஐந்தாவது, சீட்டுடையார் தாமே வாராமை. நோயோ தேர்வோ திருமணமோ எதுவாயினும், ஆட்டச்சீட்டைத் திருப்பிப் பணம்பெறும் வழி பெரும்பாலும் இல்லை. ரயில்துறையினரோ இதற்கும் விதி வகுத்திருக்கின்றனர். பயணத்தை முன்கூட்டியே கைவிடுவோர்க்கு, எத்துணை முன்னதாகக் கைவிடுகின்றார் என்பதைப் பொறுத்துப் பிடித்தம் போக எஞ்சியது திரும்பும். வண்டியே நிறுத்தப்படின் முழுக்கட்டணமும் திரும்பும். வண்டி மூன்று மணிக்குமேல் தாமதமாகி, பயணி அதிற் செல்லாதொழியினும் உரிய முறையில் விண்ணப்பித்து முழுக்கட்டணமும் பெறலாம். இவை நாடு முழுதும் ஒன்றாகிய விதிகள், எவரும் படித்தறியத்தக்கவை. ஆட்ட அரங்குகளுக்கோ இத்தகைய பொதுவிதி இல்லை. ஒவ்வொரு சங்கமும் ஒவ்வொரு கழகமும் சீட்டின் பின்புறத்தில் சிற்றெழுத்தில் தத்தம் விதியை எழுதிக்கொள்கின்றன.

இனிச் சட்டத்தின் அடிப்படையைச் சிறிது நோக்குவோம். 1902-ஆம் ஆண்டு சூன் மாதத்தில் இலண்டனில் ஏழாம் எட்வர்டு மன்னரின் முடிசூட்டு ஊர்வலம் நடக்கவிருந்தது. ஊர்வலத்தைக் காணுதற்பொருட்டு வழியிலுள்ள வீடுகளின் அறைகளைச் செல்வர் பெரும்பொருள் கொடுத்து அமர்த்தினர். மன்னர் திடீரென நோய்வாய்ப்பட, விழா ஆகத்துக்கு ஒத்திவைக்கப்பட்டது. அறைக்காரர் கூலி கேட்டனர், அமர்த்தினோர் மறுத்தனர். ஒருவர் 75 பவுனுக்கு அறை பேசி 25 பவுன் முன்பணங் கொடுத்திருந்தார். மிகுதி 50 பவுனை அவர் தரவேண்டியதில்லை என்று 1903-இல் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஊர்வலமே அவ்வுடன்படிக்கையின் அடிப்படை, அடிப்படை அழிந்தபின் உடன்படிக்கை நில்லாது என்பதே காரணம். ஆனால் முன்னரே கொடுத்த பணம் திரும்பாது என்று 1904-இல் வேறொரு வழக்கில் தீர்ப்பாயிற்று. நட்டம் விழுந்தவிடத்தே கிடக்கட்டும் என்பது அதன் கருத்து. அத்தீர்ப்பு தவறென்று இங்கிலாந்தின் உயர்ந்த நீதிமன்றம் உணர்ந்து மாற்ற 1942 வரை சென்றது.

நம் நாட்டிலோ 1872-ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்திலேயே இதற்கு வழி கூறப்பட்டிருந்தது. அதன் 56-ஆம் பிரிவு, நிறைவேற்ற இயலாததாகிவிட்ட ஒப்பந்தம் செல்லாதென்கின்றது. 65-ஆம் பிரிவு, அவ்வாறு செல்லாததான ஒப்பந்தத்தால் ஒருவன் பெற்ற பயனைத் திருப்பித்தரவோ ஈடுசெய்யவோ வேண்டுமென்கின்றது. ஆகவே ஆடாத ஆட்டத்திற்குப் பெற்ற பணத்தைத் திருப்புதல் ஈகையன்று, கடன். ஆயினும் ஒரு பந்து விதிபோன்ற நிபந்தனைகளை வாங்குவோன் ஏற்றுக்கொண்டே சீட்டுப் பெறுகின்றான் என்று விற்போர் கூறுவர். அதனாலேயே வாங்குமுன் அச்சிற்றெழுத்தைப் படித்தல் இன்றியமையாததாகின்றது.

2019-ஆம் ஆண்டில் இயற்றப்பட்டு 2020 சூலை 20 முதல் நடைமுறைக்கு வந்த நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் எளியோர்க்கு இன்னும் அணுக்கமானது. குறைபாடுடைய சேவைக்காகப் பெற்ற பணத்தைப் பற்றுச்சீட்டிற் குறித்த காலத்திற்குள்ளும், காலங் குறிக்கப்படாவிடின் 30 நாளுக்குள்ளும் திருப்பித்தர மறுத்தலை அச்சட்டம் முறையற்ற வணிகமென்கின்றது. இதனினும் சிறந்த பகுதியொன்று அதில் உண்டு. வழக்கிடுவோன் தான் வாழும் மாவட்டத்திலேயே முறையிடலாம். விற்றவர் சென்னையிலிருப்பினும் மும்பையிலிருப்பினும், அரியலூரார் அரியலூர் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலும், பெரம்பலூரார் பெரம்பலூர் ஆணையத்திலும் மனுக்கொடுக்கலாம். கொடுத்த விலை 5 இலட்சம் ரூபாய்வரை மனுக்கட்டணமில்லை. வழக்கறிஞர் வேண்டுமென்ற கட்டாயமுமில்லை. நிகழ்ந்த நாளிலிருந்து இரண்டாண்டிற்குள் மனுச் செய்தல்வேண்டும். ஓர் ஆட்டங் காண இரவெல்லாம் பயணஞ்செய்தவன், நீதி காணவும் அவ்வாறே பயணஞ்செய்யவேண்டியதில்லை என்பது பெரும் ஆறுதல்.

இனிப் பணம் பெறும் முறையை நிரல்படக் கூறுவேன். சீட்டை விற்பனைத் தளத்திலோ அரங்கின் சாளரத்திலோ தம் பெயராலும் தம் கணக்காலும் வாங்கல்வேண்டும். சீட்டு, பணஞ்செலுத்திய செய்தி, விதிகள் எழுதிய பக்கம் ஆகிய மூன்றன் படத்தையும் கைப்பேசியிற் காத்துவைத்தல்வேண்டும். ஆட்டம் கைவிடப்பட்டால் அமைப்பாளரின் அறிவிப்பைப் பார்த்து, அவர் குறித்த நாளளவும் பொறுத்திருத்தல்வேண்டும். அந்நாள் கழிந்தும் வாராதாயின் முதலில் விற்றவர்க்கு எழுத்தால் முறையிட்டு, முறையீட்டு எண்ணைக் குறித்துக்கொள்ளல்வேண்டும். அதற்கும் விடையில்லையேல் 1915 என்னும் தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழைக்கலாம். இறுதியிலேயே ஆணையத்தை நாடுதல்வேண்டும்.

இடையில் மற்றொரு தொல்லையும் நேர்வதுண்டு. சீட்டுப் பதிவாகாமலே கணக்கிலிருந்து பணம் கழிந்துவிடும். ரிசர்வு வங்கி 2019 செப்டம்பர் 20-ஆம் நாள் பிறப்பித்த ஆணையின்படி, யு.பி.ஐ. வழியாக வணிகர்க்குச் செலுத்திய பணம் அவரைச் சேராதாயின், ஐந்து நாளுக்குள் அது தானே திரும்பிவரல்வேண்டும். மீறினால் நாளொன்றுக்கு 100 ரூபாய் ஈடு தரல்வேண்டும். இதனை அறியாது எத்துணையோ பேர் போயிற்று என்று வாளா இருந்துவிடுகின்றனர்.

திரும்பிவரும் தொகையையும் சரிபார்த்தல்வேண்டும். 2025-ஆம் ஆண்டில் சேப்பாக்கத்து ஐ.பி.எல். ஆட்டங்களின் மிகக் குறைந்த சீட்டே 1,700 ரூபாயாயிருந்தது. அவ்வாண்டு செப்டம்பர் 22 முதல் அத்தகைய சீட்டின்மேல் வரி 28 விழுக்காட்டிலிருந்து 40 விழுக்காடாயிற்று. அஃதாவது ஆயிரம் ரூபாய்ச் சீட்டு 1,400 ரூபாயாகும். இதன்மேல் இணையவழி விற்போர் வசதிக் கட்டணமும் சேர்ப்பர். முழுப்பணம் என்று அறிவித்தால் எதுவரை முழுமை என்பதைக் கேட்டல் பிழையாகாது.

இவ்வளவும் அறிந்தபின்னும் ஒன்று எஞ்சிநிற்கின்றது. அரங்கிற்கு அருகில் வாழ்வோன் மழையன்று இழப்பது ஒரு மாலைப்பொழுது. எங்கள் பக்கத்தான் இழப்பதோ பேருந்துக்கூலி, உணவு, இரண்டு நாள் வேலை. சீட்டுப் பணம் முழுதும் திரும்பினும் அவை திரும்பா. மழை எவர் பிழையுமன்றாதலின் அவற்றைச் சட்டமும் பெற்றுத்தராது. இதனாலேயே ஒரு பந்து விதி தொலைவிலுள்ள ஏழையைப் பெரிதும் வருத்துகின்றது. அவன் ஏற்கெனவே பாதியை இழந்தவன். மறுபாதியையும் இருபத்தொரு பந்துக்காக இழக்கச் செய்தல் முறையன்று. அணிகளுக்கு முடிவு கிடைக்காத ஆட்டத்தில் பார்ப்போர்க்குப் பாதியேனும் திரும்பல்வேண்டும் என்பது என் சிறிய கருத்து. 2022-இல் ஒரு சங்கம் நல்லெண்ணத்தாற் செய்ததை எல்லாச் சங்கமும் விதியாக எழுதிக்கொண்டால் போதும்.

இது புதிய அறமன்று. வள்ளுவர் நடுவுநிலைமை கூறும் அதிகாரத்தில் வணிகரையும் மறவாது வைத்தார். பட்டினப்பாலை பாடிய கடியலூர் உருத்திரங்கண்ணனார், புகாரின் வணிகர் தாம் கொள்வதில் மிகையும் பிறர்க்குக் கொடுப்பதிற் குறையும் இல்லாதவர் என்று புகழ்ந்தார். எங்கள் திருமறையில் வரும் சகேயு என்னும் வரிவசூலிப்போன், ஆண்டவரைத் தன் வீட்டில் ஏற்ற நாளில், அநியாயமாக வாங்கியதை நாலத்தனையாகத் திருப்புவதாக எழுந்து நின்று சொன்னான். அவனை எவரும் வழக்குமன்றத்திற்கு இழுக்கவில்லை, மனமே மன்றமாயிற்று. நாலத்தனை வேண்டா, வாங்கிய அளவு வந்தாலே நம் மக்கள் மனநிறைவு பெறுவர்.

விடுமுறைக்கு ஊர் சென்றபோது இவற்றையெல்லாம் என் தமையனார்க்கு விளக்கினேன். அவர் பொறுமையுடன் கேட்டார். "அப்படியானால் என் பணம் மழையிற் போகவில்லை, முன்பின் அறியாதவனிடம் வாங்கியதிற் போயிற்று" என்றார். ஆமென்றேன். அவனைக் குறித்துக் காவல்துறையின் இணையக்குற்ற உதவி எண்ணாகிய 1930-இல் முறையிடலாமென்றும், காலந்தாழ்த்தமையாற் பணம் மீள்வது அரிதென்றும் மறையாமற் கூறினேன். அவர் சிறிதுநேரம் வாளாவிருந்து, "அடுத்த முறை என் பெயரில் நீயே பதிந்து கொடு" என்றார். ஆட்டத்தின்மேல் அவர்க்கிருந்த அன்பு குறையவில்லை. அவ்வன்பை நம்பியே அரங்குகள் நிறைகின்றன. அதனை மதித்து நடத்தல் சீட்டு விற்பார் கடன்; அறிந்து வாங்குதல் நம் கடன்.